கத்தம் ஓதி முடிந்த பிறகு தேடும் கடுதாசிகள்

ஊரில் விபத்து மௌத்து ஒன்று நடந்தால் வேலைகள் எவ்வளவு விரைவாக நடக்கும் என்பது அக்கரைப்பற்றில் இருக்கிறவர்களுக்குத் தெரியும். பள்ளிவாசல் ஒலிபெருக்கியில் அறிவித்தல் போகும். கபுறு வெட்ட ஆள் போகும். கஃபன் துணி வந்துவிடும். வைத்தியசாலை வாசலில் ஐம்பது பேர் நிற்பார்கள். அதில் ஐந்து பேர் ஜனாஸாவைச் சீக்கிரம் எடுத்துத் தரச் சொல்லி ஆளுக்கொரு அரசியல்வாதிக்குப் போன் போட்டுக்கொண்டிருப்பார்கள். லுஹருக்கு மௌத்தானவரை இஷாவுக்குள் அடக்கிவிடுவோம். இந்த வேகத்தில் கால்வாசி அடுத்த நாள் பொலிஸுக்குப் போவதிலும் இருந்திருந்தால் இதை எழுத வேண்டி வந்திருக்காது.

என்னிடம் ஆலோசனை கேட்டு வருகிறவர்கள் பெரும்பாலும் இரண்டரை வருடம் கழித்துத்தான் வருகிறார்கள். கையில் ஒரு சொப்பிங் பேக். அதற்குள் மரணச் சான்றிதழ், மடிப்பில் கிழிந்த பொலிஸ் துண்டு, ஸ்கேன் படம், மருந்துச் சிட்டை எல்லாம் ஒன்றாகக் கசங்கிக் கிடக்கும். “வழக்கு முடிஞ்சிட்டு காக்கா. டிரைவருக்குத் தண்டம் அடிச்சிட்டாங்க. இனி எங்கட காசு எப்ப வரும்?” வராது என்று சொல்ல எனக்கு வாய் எழும்புவதில்லை. ஆனால் அதுதான் பதில்.

முடிந்தது எந்த வழக்கு என்று இவர்களுக்கு ஒருவரும் சொல்லிக் கொடுக்கவில்லை. விபத்தில் ஆள் இறந்தால் பொலிஸார் நீதவான் நீதிமன்றத்தில் தொடுப்பது குற்றவியல் வழக்கு. தண்டனைச் சட்டக்கோவையின் 298ஆம் பிரிவு, கவனயீனத்தால் மரணம் விளைவித்தவருக்கு 5 வருடம் வரை சிறையோ தண்டமோ இரண்டுமோ விதிக்க இடம் தருகிறது. அந்த வழக்கு அரசாங்கத்துக்கும் சாரதிக்கும் இடையிலானது. நீங்கள் அதில் சாட்சி, அவ்வளவுதான். கட்டிய தண்டப்பணம் அரசாங்கத்துக்குப் போகும். குற்றவாளியாகக் கண்டவரிடமிருந்து பாதிக்கப்பட்டவருக்கு ஒரு தொகை கொடுக்கச் சொல்லிக் கட்டளையிட நீதவானுக்கு அதிகாரம் உண்டு. அப்படி ஏதும் கிடைத்தாலும், இழந்த உழைப்பைக் கணக்குப் பார்த்து வரும் நட்டஈடாக அதை எண்ணிவிடக் கூடாது.

நட்டஈடு வேறு கதவு. அதற்கு இறந்தவரின் குடும்பம் மாவட்ட நீதிமன்றத்தில் தானாக ஒரு சிவில் வழக்குப் போட வேண்டும். இந்தியாவில் இருப்பதுபோல விபத்து இழப்பீட்டுக்கென்று தனித் தீர்ப்பாயம் இங்கே இல்லை. போடாதவருக்கு எதுவும் இல்லை. அந்தக் கதவுக்குப் பூட்டும் இருக்கிறது. 1871ஆம் ஆண்டின் காலவிதிப்புக் கட்டளைச் சட்டம், 9ஆம் பிரிவு: நட்டம், காயம், சேதம் தொடர்பான வழக்கை 2 வருடத்துக்குள் தொடங்கியிருக்க வேண்டும். பொலிஸ் வழக்கு தவணை தவணையாக இழுபட்டு மூன்று, நான்கு வருடம் போவது புதினமில்லை. ‘அது முடியட்டும், பிறகு பார்ப்போம்’ என்று குந்திக்கொண்டிருந்தால் அந்த 2 வருடம் உங்கள் வாசலால் நடந்து போய்விடும். நீதவான் நீதிமன்ற வழக்கு நடந்துகொண்டிருக்கும்போதே சிவில் வழக்கைத் தொடங்கலாம். தொடங்கத்தான் வேண்டும். இதை இந்தக் கட்டுரையில் மறுபடியும் சொல்வேன், கோபிக்க வேண்டாம்.

இனி முதல் நாளுக்கு வருவோம். எல்லாம் கெட்டுப்போவது அங்கேதான்.

பிரேத பரிசோதனை வேண்டாம் என்று கெஞ்சுகிற குடும்பங்களை நான் குறைசொல்லவில்லை. 2020இல் கொரோனாவைச் சாட்டி ஜனாஸாக்களை எரித்த நாட்டில், உடம்பு அரசாங்கத்தின் கையில் ஒரு இரவு தங்குவதென்றாலே நமக்கு நெஞ்சு பதைக்கும். 2021 பெப்ரவரியில் அடக்க அனுமதி வந்தும் அந்தப் பயம் போகவில்லை. ஆனால் நடப்பது என்ன? ‘ஏற்கனவே சீனி வருத்தம் இருந்தது, கீழே விழுந்தார்’ என்று யாரோ திடீர் மரண விசாரணை அதிகாரியிடம் ஒரு வார்த்தை சொல்லி ஜனாஸாவை எடுத்துவிடுகிறார்கள். அந்த ஒரு வார்த்தை எழுத்தில் ஏறிவிடும். பிறகு காப்புறுதிக் கம்பனியின் சட்டத்தரணி நீதிமன்றத்தில் எழும்பி, இவர் வருத்தத்தால் இறந்தாரா வாகனம் மோதி இறந்தாரா என்று கேட்பார். உங்களிடம் பதில் இருக்காது. சட்ட வைத்திய அதிகாரியின் அறிக்கையில் மரணத்துக்கான காரணம் விபத்துக் காயம் என்று தெளிவாக இருப்பதுதான் முழு வழக்குக்கும் அத்திவாரம். இரவே செய்து தரச் சொல்லிக் கேளுங்கள், விடியச் சுபஹோடு முடித்துத் தரச் சொல்லிக் கேளுங்கள். செய்யாமல் தரச் சொல்லிக் கேட்காதீர்கள். வாசலில் நின்று போன் போடும் அந்த ஐந்து பேரும் தங்கள் செல்வாக்கை மருத்துவரைச் சீக்கிரம் கூட்டிவருவதில் காட்டட்டும்.

உடனே மௌத்தாகாதவர்கள் விடயம் இன்னும் சிக்கல். அக்கரைப்பற்று ஆதார வைத்தியசாலையில் சேர்த்து, கல்முனை அஷ்ரப் ஞாபகார்த்த வைத்தியசாலைக்கோ அம்பாறைக்கோ அனுப்பி, அங்கிருந்து மட்டக்களப்புப் போதனா வைத்தியசாலை, கடைசியில் கொழும்பு. இருபது நாள் கழித்து நிமோனியா என்று எழுதி மரணம். சாதாரண மரணம்போல ஜனாஸாவைக் கொண்டுவந்துவிடுகிறார்கள். விபத்தில் உடைந்த தலைக்கும் அந்த நிமோனியாவுக்கும் இடையிலான தொடர்பை யாரும் எழுதவில்லை. பொலிஸிலும் அது காயம் விளைவித்த வழக்காகவே கிடக்கும். ஆள் இறந்த தகவலே விபத்து நடந்த பகுதிப் பொலிஸுக்குப் போய்ச் சேர்ந்திருக்காது. எந்த ஊரில் இறந்தாலும், ‘இவர் இன்ன திகதி விபத்தில் காயப்பட்டவர்’ என்று அந்த வைத்தியசாலைப் பொலிஸிடம் சொல்லி மரண விசாரணை நடத்திக்கொள்ளுங்கள். ஊருக்கு வந்ததும் விபத்தைப் பதிந்த பொலிஸ் நிலையத்துக்குப் போய் மரணத்தைப் பதியுங்கள். ஒவ்வொரு வைத்தியசாலையின் அனுமதி இலக்கமும் உங்கள் கையில் இருக்க வேண்டும். கட்டில் தலைமாட்டில் தொங்கும் அட்டையைப் போனில் ஒரு படம் எடுக்க அரை நிமிடம் போதும்.

அடுத்தது வாகனம். மோதிய லொறியின் கண்ணாடியை உடைக்க ஆள் சேர்கிற அளவுக்கு அந்தக் கண்ணாடியில் ஒட்டியிருப்பதைப் படிக்க ஆள் சேர்வதில்லை. வருமான உத்தரவுப்பத்திரம் அங்கேதான் ஒட்டியிருக்கும். செல்லுபடியாகும் காப்புறுதி இல்லாமல் பிரதேச செயலகத்தில் அதை எடுக்க முடியாது. ஆகவே அது ஒரு தடயம். காப்புறுதி அட்டையில் கம்பனியின் பெயர், பத்திர இலக்கம், எந்தத் திகதி முதல் எந்தத் திகதி வரை, யாருடைய பெயரில் என்பதெல்லாம் இருக்கும். உத்தரவுப்பத்திரம், காப்புறுதி அட்டை, சாரதி அனுமதிப்பத்திரம், இலக்கத்தகடு. நான்கு படம். அந்த நேரம் குடும்பத்தவருக்கு இதற்கு மனம் வராது என்பது தெரியும். பக்கத்து வீட்டுப் பிள்ளையாவது செய்யலாம். பேஸ்புக்கில் போட இரத்தத்தைப் படம் எடுக்கிற கை இதையும் எடுக்கட்டும்.

வாகனம் பதிவான பெயருக்கும் ஓட்டுகிற ஆளுக்கும் சம்பந்தமே இல்லாமல் இருப்பது நம் பக்கத்தில் சர்வசாதாரணம். ‘ஓப்பன் பேப்பரில்’ நான்கு கை மாறிய மோட்டார் சைக்கிள்கள் எத்தனை! பத்திரத்தில் ஒருவர், ஓட்டுவது இன்னொருவர், லீசிங் கம்பனி மூன்றாவது. விபத்து நடந்தபின் ‘நான் விற்று மூன்று வருடம்’ என்று முதல் ஆள் கைவிரிப்பார். காப்புறுதி எடுத்தவர் வேறொருவர் என்று கம்பனியும் இழுக்கும். வாங்கிய வாகனத்தை உங்கள் பெயருக்கு மாற்றச் சோம்பல்படுகிறவர்கள், நாளைக்கு ஒரு விதவையின் வழக்கை நீங்கள் சிக்கலாக்கப் போகிறீர்கள் என்பதை யோசியுங்கள். விற்றவர்களும் விற்றதை மோட்டார் வாகனத் திணைக்களத்துக்கு அறிவித்து அதன் பிரதியை வைத்திருங்கள்.

‘அவனிட்ட என்ன இருக்கு, ஒரு பழைய பட்டா லொறி. வழக்குப் போட்டு என்னத்த எடுக்க?’ இதைச் சொல்லாத ஊர்ப் பெரியவர் இல்லை. சொல்கிறவருக்குக் காப்புறுதி எதற்கென்று தெரியாது. 1951ஆம் ஆண்டின் 14ஆம் இலக்க மோட்டார் வாகனச் சட்டம், வீதியில் ஓடும் ஒவ்வொரு வாகனத்துக்கும் மூன்றாந்தரப்புக் காப்புறுதியைக் கட்டாயமாக்கியதே ஏழைச் சாரதி மோதினாலும் இறந்தவரின் குடும்பம் தெருவுக்கு வரக்கூடாது என்பதற்காக. சாரதிக்கும் உரிமையாளருக்கும் எதிராக நீங்கள் வழக்குப் போட்டுத் தீர்ப்பு எடுத்தால், அந்தத் தீர்ப்புத் தொகையைக் காப்புறுதிக் கம்பனி கட்ட வேண்டும் என்று 105ஆம் பிரிவு சொல்கிறது.

ஆனால் 106ஆம் பிரிவு ஒரு நிபந்தனை வைத்திருக்கிறது. வழக்குத் தொடங்கும் முன்போ, தொடங்கி 7 நாட்களுக்குள்ளோ, அந்த வழக்குப் பற்றிக் கம்பனிக்கு அறிவித்தல் போயிருக்க வேண்டும். போகாவிட்டால் தீர்ப்பு உங்கள் பக்கம் வந்தாலும் கம்பனி கட்டத் தேவையில்லை. பிறகு அந்தப் பழைய பட்டா லொறிதான் மிச்சம். ஒரு கடிதம், பதிவுத் தபாலில் போக வேண்டிய ஒரே ஒரு கடிதம், எத்தனை குடும்பங்களின் தீர்ப்பை வெறும் கடுதாசியாக்கும் என்று நினைத்துப் பாருங்கள். சட்டத்தரணி அனுப்பியிருப்பார் என்று நம்பிக்கொண்டிருக்காதீர்கள். கேளுங்கள். ‘சேர், இன்ஷூரன்ஸுக்கு நோட்டிஸ் போனதா, பதிவுத் தபால் துண்டு எங்கே?’ கேட்பது மரியாதைக் குறைவல்ல. உங்கள் காசு.

அந்தக் கடிதத்தில் இருக்க வேண்டியவை: வாகன இலக்கம், காப்புறுதிப் பத்திர இலக்கம், பத்திரம் யாருடைய பெயரில், விபத்து நடந்த திகதி, நேரம், இடம், பொலிஸ் நிலையம், இறந்தவரின் பெயரும் அடையாள அட்டை இலக்கமும், அவரை நம்பியிருந்தவர்கள் யார் யார், எந்த நீதிமன்றத்தில் வழக்கு, வழக்கிலக்கம், எவ்வளவு கேட்கப்படுகிறது. விபத்து நடந்த கிழமையே ஒரு கடிதத்தை அனுப்பி வையுங்கள், அப்போது வழக்கிலக்கம் இருக்காது, பரவாயில்லை. வழக்குப் பதிந்த அன்றே இலக்கத்தோடு இரண்டாவதை அனுப்புங்கள். இரண்டும் கம்பனியின் தலைமை அலுவலக முகவரிக்கு, பதிவுத் தபாலில், கிடைத்ததற்கு ஒப்பமிட்டுத் திருப்பி அனுப்பும் அட்டையோடு. ஊரிலுள்ள கிளைக்கு ஒரு பிரதியைக் கையில் கொண்டுபோய்க் கொடுத்து, உங்கள் பிரதியில் திகதி முத்திரை வாங்குங்கள். ‘மேனேஜர் இல்லை, நாளைக்கு வாங்க’ என்றால் நாளைக்கும் போங்கள். கவுண்டரில் நின்று வாயால் சொன்னது அறிவித்தல் ஆகாது.

கம்பனியின் ஆள் வீட்டுக்கு வந்து, சாரதிக்கு அனுமதிப்பத்திரம் இல்லை, அவன் வயது போதாதவன், ஆகவே உங்களுக்கு ஒன்றுமில்லை என்று சொல்லக்கூடும். நல்லது, அதை எழுத்தில் தாருங்கள் என்று கேளுங்கள். வாகனச் சொந்தக்காரனோடு கம்பனிக்கு இருக்கிற தகராறு வேறு, வெளி ஆளான உங்களுக்கு அது கட்ட வேண்டியது வேறு. எந்தக் காரணத்தைக் கம்பனி நீதிமன்றத்தில் காட்ட முடியும், எதைக் காட்ட முடியாது என்பதைச் சட்டத்தரணி பார்த்துக்கொள்வார். உங்கள் வீட்டுத் திண்ணையில் அந்தத் தீர்ப்பை யாரும் எழுத வேண்டாம். கடிதத்துக்குப் பதிலே போடாத கம்பனி பற்றிக் கொழும்பிலுள்ள இலங்கைக் காப்புறுதி ஒழுங்குபடுத்தல் ஆணைக்குழுவுக்கு எழுதலாம். அங்கே எழுதினேன் என்று 2 வருடக் கணக்கு நிற்காது. அது ஓடிக்கொண்டேதான் இருக்கும்.

இனி, பேசவே எனக்கு எரிச்சல் வருகிற விடயம்: சமாதானம். ஜனாஸா அடக்கி மூன்றாம் நாள் சாரதியின் ஆட்கள் இரண்டு பெரியவர்களோடு வருவார்கள். மூன்று இலட்சமோ ஐந்து இலட்சமோ ஒரு கவரில். ‘அல்லாஹ்ட நாட்டம், மன்னிச்சிருங்க.’ மன்னிப்பது மேலான காரியம், அதில் நான் குறுக்கே நிற்க மாட்டேன். ஆனால் கவரோடு ஒரு கடுதாசியும் வரும். ‘இனிமேல் எவ்வித நட்டஈடும் கோர மாட்டேன்’ என்று டைப் அடித்து, விதவையின் பெயருக்கு நேரே புள்ளி போட்டிருக்கும். தியத் என்று அந்தக் காசுக்கு மார்க்கப் பெயர் சூட்டுவார்கள். தியத்தின் அளவு என்ன என்று அங்கே யாரும் கேட்பதில்லை. காசை வாங்குவதென்றால் ‘செலவுக்காகக் கிடைத்தது’ என்று மட்டும் எழுதி வாங்குங்கள். உரிமையை விடுகிற கடுதாசியில் கையெழுத்து வேண்டாம். சிறுபிள்ளைகள் இருந்தால் அவர்களின் பங்கு தனி. வழக்கு நடக்கும்போதுகூட நீதிமன்றத்தின் அனுமதியில்லாமல் பிள்ளைகளுக்காக யாரும் சமரசம் செய்ய முடியாது. உங்கள் மன்னிப்பால் பொலிஸ் வழக்கு நின்றுவிடும் என்பதும் பொய்.

ஒரு கணக்குப் போட்டுப் பாருங்கள். 35 வயது மேசன், மாதம் 80,000 ரூபாய் உழைப்பு என்று வையுங்கள். தன் செலவு 20,000 போக வீட்டுக்கு 60,000. வருடத்துக்கு 7 இலட்சத்து 20 ஆயிரம். இன்னும் 20 வருடம் உழைத்திருப்பார் என்றால் 1 கோடியே 44 இலட்சம். நீதிமன்றம் இதை அப்படியே தராது. ஒரே தடவையில் கையில் வரும் காசு என்பதற்குக் கழிக்கும், ஆயுளின் நிச்சயமின்மைக்குக் கழிக்கும். இறந்தவரின் பிழையும் கலந்திருந்தால் அந்தப் பங்குக்கு ஏற்பக் குறைக்க 1968ஆம் ஆண்டின் 12ஆம் இலக்கச் சட்டம் இடம் தருகிறது. (தொப்பியைத் தலையில் போட்டு ஹெல்மெட்டை டேங்கில் வைத்துக்கொண்டு ஜும்ஆவுக்குப் போகிற இளைஞர்கள் இந்த வரியை இன்னொரு தரம் வாசிக்கட்டும்.) எல்லாம் கழித்து மிஞ்சுவதையும் அந்தக் கவருக்குள் இருந்ததையும் பக்கத்தில் வைத்துப் பாருங்கள்.

அந்த 80,000த்தை நிரூபிப்பதுதான் பாடு. சம்பளச் சீட்டு இல்லாத உழைப்பு நம்முடையது. வேலை கொடுத்த கொந்தராத்துக்காரரின் கடிதம், வங்கிப் புத்தகம், சீட்டுக் கட்டிய கணக்கு, தோணிச் சொந்தக்காரரின் பங்குக் கொப்பி, வயல் செய்தவரென்றால் கமநல சேவை நிலையப் பதிவு, வெளிநாட்டில் இருந்து வந்தவரென்றால் ஒப்பந்தமும் காசு அனுப்பிய துண்டுகளும். இவற்றை அந்த மாதமே சேருங்கள். கொந்தராத்துக்காரரும் ஒருநாள் மௌத்தாகிற ஆள்தான். வேலைக்குப் போகும் வழியிலோ வேலையிலோ இறந்தவரென்றால், வேலையாள் நட்டஈட்டுக் கட்டளைச் சட்டத்தின் கீழும் வழி இருக்கிறது. 2022இல் வந்த திருத்தம் வேலைக்குப் போய்வரும் பயணத்தையும் உள்ளே எடுத்திருக்கிறது.

உழைக்காத பிள்ளை இறந்தால்? 2001இல் ஒரு மருத்துவக் கவனயீன வழக்கில், பிள்ளையை இழந்த பெற்றோருக்கு அந்த அன்பின் இழப்புக்காக நட்டஈடு கேட்க நம் சட்டத்தில் இடமில்லை என்று உயர் நீதிமன்றம் சொன்னது. இன்றும் அதையே சொல்லி ஆட்களைத் திருப்பி அனுப்புகிறவர்கள் இருக்கிறார்கள். 2019ஆம் ஆண்டின் 2ஆம் இலக்கச் சட்டம் அந்த நிலையை மாற்றிவிட்டது. ஒருவரின் பிழையான செயலால் இறந்தவரின் அன்பையும் துணையையும் இழந்ததற்காக நெருங்கிய உறவுகள் நட்டஈடு கேட்கலாம். சட்டத்தரணியிடம் போகும்போது இந்தச் சட்டத்தின் இலக்கத்தையும் ஆண்டையும் ஒரு துண்டில் எழுதிக்கொண்டு போங்கள்.

உழவு இயந்திரப் பெட்டியில் ஆள் ஏற்றுவதைப் பற்றியும் சொல்லத்தான் வேண்டும். 2024 நவம்பர் 26ஆம் திகதி காரைதீவு – மாவடிப்பள்ளி வீதியில் வெள்ளத்தில் உழவு இயந்திரம் அடித்துச் செல்லப்பட்டு மதரஸாப் பிள்ளைகள் மௌத்தானதை இந்தக் கரையில் யாரும் மறந்திருக்க மாட்டார்கள். அதற்குப் பிறகும் அறுவடைக் காலத்தில் மெஷின் பெட்டியில் குடும்பம் குடும்பமாக ஏறிப் போவது நிற்கவில்லை. காப்புறுதிப் பத்திரத்தில் வாகனத்தை எதற்குப் பாவிக்கலாம் என்று ஒரு வரி இருக்கும். விவசாயத்துக்கு என்று எழுதியிருக்கும் வண்டியில் ஆள் ஏற்றிப் போய் ஆள் இறந்தால், கம்பனி முதலில் விரல் வைப்பது அந்த வரியில்தான். மோட்டார் சைக்கிளில் பின்னால் இருந்து போனவருக்கும், தானே ஓட்டி மின்கம்பத்தில் மோதியவருக்கும் மூன்றாந்தரப்பு மட்டும் உள்ள பத்திரம் கைகொடுக்கும் என்று நம்ப வேண்டாம். கொஞ்சம் கூடக் கட்டினால் சாரதிக்கும் கூடப் போகிறவருக்கும் தனிநபர் விபத்துக் காப்புறுதியைச் சேர்க்கலாம். இரவில் ஏ-4 வீதியில் படுத்துக் கிடக்கும் மாடுகளில் மோதியவர்களின் கதை இன்னும் பரிதாபம். மாட்டுக்குக் காப்புறுதி இல்லை. மாட்டுக்காரர் ‘அது என்ட மாடில்ல’ என்பார். சபைகள் மாட்டைப் பிடிப்பதாக அறிவித்தல் மட்டும் போடும்.

இடித்துவிட்டு நிற்காமல் ஓடிய வாகனம் பிடிபடாவிட்டால், போக்குவரத்து அமைச்சின் கீழுள்ள வீதிப் பாதுகாப்பு தொடர்பான தேசிய சபைக்கு விண்ணப்பிக்கலாம். காப்புறுதிக் கட்டணங்களிலிருந்து சேரும் நிதியில் இருந்து அங்கே ஒரு தொகை தருவார்கள். அதற்கும் பொலிஸ் அறிக்கை, மரண விசாரணை அறிக்கை, மரணச் சான்றிதழ் எல்லாம் வேண்டும். ‘வாகனமே இல்லை, பிறகு பொலிஸ் எதற்கு’ என்று முறைப்பாடே கொடுக்காமல் விட்ட குடும்பங்கள் இந்த வழியையும் இழக்கின்றன.

பொலிஸில் முறைப்பாட்டின் பிரதி, விபத்து இடத்தின் வரைபடம், வாகனப் பரிசோதகரின் அறிக்கை ஆகியவை தேவை. நீதிமன்றத்தில் சமர்ப்பித்தவற்றின் சான்றுப்படுத்திய பிரதியைப் பதிவாளர் காரியாலயத்தில் கட்டணம் கட்டி எடுக்கலாம். பொலிஸ் நிலையத்தில் ‘பெரியவர் லீவு’ என்று ஐந்து தரம் அலைக்கழித்தால் ஆறாவது தரம் கெஞ்சப் போகாதீர்கள். 2016ஆம் ஆண்டின் 12ஆம் இலக்கத் தகவல் அறியும் உரிமைச் சட்டத்தின் கீழ் எழுத்தில் விண்ணப்பம் கொடுத்து, பெற்றுக்கொண்டதற்குத் துண்டு வாங்குங்கள். தருவதா இல்லையா என்று 14 வேலை நாட்களுக்குள் அவர்கள் தீர்மானிக்க வேண்டும். மறுத்தால் மேன்முறையீடு இருக்கிறது. அந்த விண்ணப்பத்தைக் கண்டதும் லீவில் போன பெரியவர் திரும்பி வருவதை நான் பார்த்திருக்கிறேன்.

விதவை இத்தாவில் இருக்கிறார், 4 மாதமும் 10 நாளும் வெளியே வர முடியாது என்பார்கள். வர வேண்டாம். கடுதாசி சேர்க்கத் தம்பி போதும், கையெழுத்து வாங்கச் சட்டத்தரணியின் ஆள் வீட்டுக்கு வரலாம். 2 வருடத்தில் அந்த 4 மாதத்தையும் சட்டம் எண்ணும். நிக்காஹ் பதியாதவர்கள் பயப்பட வேண்டாம். பதியாததால் முஸ்லிம் விவாகம் செல்லாமல் போகாது, 1951ஆம் ஆண்டின் முஸ்லிம் விவாக, விவாகரத்துச் சட்டமே அப்படித்தான் சொல்கிறது. ஆனால் நிக்காஹ் நடந்ததை நிரூபிக்க வேண்டும். வலியாக நின்றவர், ஓதி வைத்தவர், சாட்சிகள் உயிரோடு இருக்கும்போதே அவர்களிடம் சத்தியக் கடுதாசி வாங்கி வையுங்கள்.

காசில்லை என்பதால் வழக்கை விடவும் வேண்டாம். வருமானம் குறைந்தவர்களுக்கென்றே 1978 முதல் சட்ட உதவி ஆணைக்குழு இருக்கிறது. நீதிமன்றத்துக்குப் போய்க் கேட்டால் அதன் கிளை எங்கே என்று காட்டுவார்கள். முதல் நாள் போகும்போதே விபத்துத் திகதியைச் சொல்லி, 2 வருடம் எந்தத் திகதியில் முடிகிறது என்று அவர்களையே எழுதித் தரச் சொல்லுங்கள். மரணத்திலிருந்து எண்ணலாமா என்ற விவாதத்துக்கெல்லாம் போகாமல், விபத்து நடந்த நாளிலிருந்தே எண்ணிக்கொள்ளுங்கள்.

கடைசியாக, பதிவுத் தபால் துண்டு. தபாற்கந்தோரில் தருகிற அந்தச் சின்னத் துண்டின் மை வெயிலிலும் வேர்வையிலும் சில மாதத்தில் வெளிறிப் போய்விடும். நீதிமன்றத்தில் வெள்ளைக் கடுதாசியை நீட்டிப் பயனில்லை. வாங்கிய அன்றே இரண்டு போட்டோ கொப்பி எடுத்து, ஒன்றைச் சட்டத்தரணியின் கோவையிலும் மற்றதை வீட்டுக் காணி உறுதியோடும் வையுங்கள். சொப்பிங் பேக்கில் போட வேண்டாம்.